பிழைத்தோர் கணக்கு: தீவகத்து நம்பிக்கைகளும் ஐயநோக்கும்

மணிமேகலையின் இருபத்தேழாவது காதையிலே, வஞ்சி மாநகரத்து அளவைவாதி பிரமாணங்களை விரித்துரைக்குமிடத்து, பிரமாணம் போலத் தோன்றிப் பிரமாணம் ஆகாதன எட்டு என்று வகுப்பான். அவற்றுள் ஒன்று 'தேராது தெளிதல்'. ஆராயாமலே முடிவுக்கு வருதல் என்பது அதன் பொருள். வெளியில் நிற்கும் தறியொன்றை மனிதன் என்று கொண்டுவிடுவது அங்கு தரப்படும் உதாரணமாகும். நம்பிக்கையின் உளவியல் பற்றி இந்த நூற்றாண்டில் எழுதப்படுவனவற்றிற் பெரும்பகுதி இவ்விரு சொற்களுக்கான விரிவுரை எனலாம்.

இதே காப்பியத்தின் முற்பகுதியில், மணிபல்லவத்திலே தனித்திருக்கும் மணிமேகலைக்குத் தெய்வம் மூன்று மந்திரங்களை அருளுகிறது: வேற்றுரு எய்துவதற்கு ஒன்று, வானில் இயங்குவதற்கு ஒன்று, பசியைத் தாங்குவதற்கு ஒன்று. வானில் இயங்கும் மந்திரத்தை ஐயமின்றி ஏற்ற அதே புலவர், அளவையியலையும் பிசகின்றி எடுத்துரைக்கிறார். ஒரே மனிதரிடத்து நுட்பமான தருக்கமும் அதீத இயற்கை பற்றிய நம்பிக்கையும் முரண்பாடின்றிக் குடியிருக்கக்கூடும் என்பதற்கு இதனினும் நல்ல சான்று வேண்டியதில்லை. நம்பிக்கை என்பது அறியாமையின் மறுபெயர் என்று கூறி அப்பாற் சென்றுவிடும் பகுத்தறிவாளர் இதனைக் கருத்திற் கொள்ளுதல் நன்று. மணிபல்லவம் இன்றைய நயினாதீவே என்று ஆய்வாளர் சிலர் கொள்வர். வேறு சிலர் மறுப்பர். அவ்விவாதத்தை இங்கு தொடராது, யாழ்ப்பாணத்துத் தீவகத்தின் நம்பிக்கைகள் சிலவற்றை எடுத்து, அவை எவ்வாறு நிலைபெறுகின்றன, ஐயநோக்கு அவற்றை எவ்வாறு அணுகவேண்டும் என்பவற்றை நோக்குவோம்.

எளியதொன்றிலிருந்து தொடங்கலாம். நெடுந்தீவிலே 'வளரும் கல்' என ஒரு கல் காட்டப்படுகிறது. அது ஆண்டுதோறும் வளர்கின்றது என்பது ஊர் வழக்கு. சுண்ணக்கற் பாறையின்மேல் அமைந்து, முருகைக்கல் மதில்களாலே துண்டுபட்டுக் கிடக்கும் அத்தீவில், நிலத்தை மீறி நிற்கும் ஒரு கல் கவனத்தைக் கவருவது இயல்பே. ஆனால் சிறுவயதிற் பெரிதாகத் தோன்றிய மரமும் வீடும் கோபுரமும் நாம் வளர்ந்தபின் சிறுத்தே தோன்றுகின்றன. அவ்வாறாயின் இக்கல்லும் ஒவ்வொருவர் கண்ணுக்கும் ஆண்டுக்காண்டு குறுகியல்லவா தோன்றவேண்டும்? கல் வளர்கின்றது என்பது எவருடைய கண்ணும் தந்த சாட்சியன்று. முந்திய தலைமுறை பிந்திய தலைமுறைக்குச் சொன்ன சொல். இதனைச் சோதிப்பதற்கு வேண்டுவன ஓர் அளவுகோலும் ஒரு குறிப்பேடும் பத்தாண்டுப் பொறுமையுமேயாம். எனினும் கல் வளர்வதனாலோ வளராமையாலோ எவரும் உயிரிழப்பதில்லை. ஆகவே இத்தகைய நம்பிக்கைகளோடு மல்லுக்கட்டுவதை ஐயவாதத்தின் தலையாய பணியாக நாம் கருதவில்லை.

பாம்புக்கடி அத்தகையதன்று. நயினாதீவு நாகத்தின் தலம். கடலைக் கடந்து பூக்கொணர்ந்து அம்மனை வழிபட்ட நாகத்தைக் கருடன் மறித்ததாகவும், வழியிலே வந்த வணிகன் ஒருவன் அதனை விடுவித்ததாகவும் தலக்கதை கூறும். பாம்பு சுற்றிய கல், கருடன் கல் என்பன இன்றும் காட்டப்படுகின்றன. வழிபடப்படும் நாகம் ஒருபுறமிருக்க, தீவகத்தின் பற்றைகளிலும் வேலியடைப்புகளிலும் வாழும் பாம்புகள் மறுபுறம் உள. கடிபட்டவரை விஷகடி வைத்தியரிடம் கொண்டுசெல்வதும், அவர் பார்வை பார்த்து, தண்ணீர் ஓதிக் கொடுத்து, நூல் கட்டி அனுப்புவதும் தலைமுறை தலைமுறையாக நிகழ்ந்து வந்தவை. 'எத்தனை பேரை அவர் எழுப்பியிருக்கிறார்' என்பது ஐயங்கொள்வோருக்கு ஊரவர் தரும் விடை. அவ்விடை பொய்யன்று. அதனாலேயே அது ஆராயத்தக்கதாகிறது.

2012–2013இல் இலங்கை முழுவதிலும் வீட்டுக்கு வீடு நடத்தப்பெற்று, 2016இல் வெளியிடப்பெற்ற ஆய்வொன்றின் மதிப்பீட்டின்படி, ஓராண்டில் ஏறத்தாழ 80,000 பேர் பாம்புக்கடிக்கு உள்ளாகின்றனர். அவர்களுள் நஞ்சேறியவர் ஏறத்தாழ 30,000 பேர். இறப்பவர் ஏறத்தாழ 460 பேர். அதாவது கடிபட்ட எட்டுப்பேரில் ஐவருக்கு நஞ்சே ஏறுவதில்லை. கடித்த பாம்பு நஞ்சற்றதாக இருந்திருக்கலாம். நஞ்சுள்ள பாம்பே ஆயினும் நஞ்சைச் செலுத்தாது கடித்திருக்கலாம். நஞ்சேறியவருட் பலரும் பிழைத்தே விடுகின்றனர். அவர்களுள் வைத்தியசாலைச் சிகிச்சை பெற்றோர் பலர் என்பதனையும் கழித்தே இக்கணக்கைக் கொள்ளவேண்டும். அவ்வாறு கொண்டாலுங்கூட, வாழ்நாளில் நூறு பேருக்கு ஓதிய ஒரு வைத்தியர், அவரது ஓதலுக்கு எவ்வித ஆற்றலும் இல்லையெனினும், அறுபதுக்கு மேற்பட்டோரைத் தம் காலால் நடந்து வீடு செல்ல விட்டிருப்பார். அவர் ஏமாற்றுக்காரராக இருக்கவேண்டிய தேவையே இல்லை. தம் ஆற்றலைத் தாமே மனமார நம்புவதற்கு அவருக்குப் போதிய அனுபவம் உண்டு.

எஞ்சியோர் கணக்கு எங்கே போகின்றது? விஷகடி மரபு அதற்கு வேறு பற்றேடுகளை வைத்திருக்கிறது. நேரஞ்சென்று கொண்டுவந்தார்கள் என்பது ஒன்று. விதி முடிந்தது என்பது இன்னொன்று. இவை எல்லா மரபுகளிலும் உள்ளவை. நமது மரபு இன்னும் ஒருபடி மேலே சென்று, கடிபட்டவர் பற்றிய செய்தியைக் கொண்டுவரும் தூதனுடைய தோற்றமும் சொல்லும் நின்ற நிலையுமே நோயாளி பிழைப்பாரா மாட்டாரா என்பதை முன்னரே காட்டும் என்று கூறும். தூதக்குறி என்பது அதன் பெயர். நோயாளியைக் காணுமுன்பே தோல்விக்கான விளக்கம் கையிருப்பில் உள்ளது! வெற்றிகள் மந்திரத்துக்கு வரவு வைக்கப்படுகின்றன. தோல்விகள் விதிக்கோ உறவினருக்கோ தூதனுக்கோ பற்று எழுதப்படுகின்றன. எந்த நிகழ்ச்சியாலும் பொய்யாக்கப்பட முடியாத ஒரு கருத்து இவ்வாறே உருவாகின்றது.

இது நமது மக்களுக்கே உரிய குறைபாடன்று. கிரேக்க நாத்திகனாகிய தியாகோரஸ் பற்றிச் சிசரோ கூறும் கதையொன்றுண்டு. கடற்புயலிலிருந்து நேர்த்தி வைத்துப் பிழைத்தோர் கோவிலில் மாட்டிய சித்திரங்களைக் காட்டி, தெய்வங்கள் மனிதரைக் கவனிக்கின்றன என்பதை இப்போதாவது ஒப்புக்கொள்கிறாயா என்று நண்பன் ஒருவன் கேட்டான். மூழ்கியோர் சித்திரங்கள் எங்கே மாட்டப்பட்டுள்ளன என்று தியாகோரஸ் திருப்பிக் கேட்டானாம். 1620இல் வெளியான தமது நூலிலே பிரான்சிஸ் பேக்கன் இதனை எடுத்தாண்டு, மனித அறிவு உடன்பாட்டுச் சான்றுகளைத் தேடி எதிர்மறைச் சான்றுகளைக் கைவிடும் இயல்புடையது என்று விளக்கினார். கடல் சூழ்ந்த ஊர்களுக்கு இக்கதை நன்கு பொருந்தும்.

கட்டுவிரியன் கடியே இந்த மரபின் மிகக் கொடிய சோதனை. அது பெரும்பாலும் இரவிலே, தரையிற் பாய்விரித்து உறங்குபவரைக் கடிக்கின்றது. கடிவாய் தெளிவாகத் தெரிவதில்லை. வலியும் வீக்கமும் குறைவு. முதற் சில மணி நேரம் நோயாளி நலமாயிருப்பதாகவே தோன்றும். ஓதலின்பின் அவர் தெளிவாகப் பேசினால், மந்திரம் பலித்துவிட்டது என்று அனைவரும் ஆறுதலடைவர். பின்னரே கண்ணிமை தாழ்ந்து, விழுங்க இயலாது போய், மூச்சுத் தசைகள் செயலிழக்கின்றன. செயற்கைச் சுவாசமும் நஞ்சுமுறி மருந்தும் கிடைத்தால் அவர் பிழைப்பார். ஆறுதலுக்குச் செலவிட்ட அந்த மணித்தியாலங்களே அவரது உயிரின் விலை.

இங்கு நாம் நிறுத்திக்கொண்டால், குற்றம் முழுவதையும் நம்புகிறவர் தலையில் ஏற்றியவராவோம். நெடுந்தீவிலிருந்து குறிகட்டுவானுக்குப் படகிலே ஏறத்தாழ ஒரு மணி நேரம். அங்கிருந்து புங்குடுதீவு, வேலணை வழியாகத் தாம்போதிகளைக் கடந்து யாழ்ப்பாணம் செல்லவேண்டும். தீவிலுள்ள வைத்தியசாலையால் இயலாத நோயாளியை இவ்வழியே கொண்டுசெல்லவேண்டும். சோளகம் வீசும் மாதங்களில் அந்தக் கடல் எவ்வாறிருக்கும் என்பதை அதிற் பயணஞ்செய்தோர் அறிவர். நள்ளிரவில் ஒருவர் கடிபட்டால், அடுத்த ஒழுங்கையிலிருக்கும் வைத்தியரிடம் முதலில் ஓடுவது மூடத்தனமாகாது. அந்த நிலைமையிற் கிடைக்கக்கூடிய ஒரே செயல் அதுவாக இருக்கலாம். மந்திரத்தின் எல்லைகளைக் கடலும் படகும் பெருமளவுக்கு வரைகின்றன.

மலினோவ்ஸ்கி 1925இல் வெளியிட்ட புகழ்பெற்ற கட்டுரையில் திரோபிரியண்டுத் தீவினரைப் பற்றிக் கூறியதும் இதுவே. கரைசார்ந்த களப்பில், விளைவு உறுதியாயுள்ள மீன்பிடியில் அவர்கள் மந்திரத்தை நாடுவதில்லை. ஆபத்தும் நிச்சயமின்மையும் மிக்க ஆழ்கடற் றொழிலுக்கே விரிவான மந்திரச் சடங்குகள் உள. ஜோர்ஜ் தொம்சன் இதனை மார்க்சிய அடிப்படையில் மேலும் வளர்த்து, உண்மையான தொழினுட்பம் குறைபடும் இடத்தைக் கற்பனையான தொழினுட்பம் நிரப்புகிறது என்று விளக்கினார். தொம்சனிடம் பேர்மிங்காமிலே ஆய்வு செய்த பேராசிரியர் க. கைலாசபதி வழியாக இக்கருத்து ஈழத்துத் தமிழாய்வினுள் வந்து சேர்ந்தது. எனினும் தொம்சனின் விளக்கத்திலே இயற்கைதான் மனிதனை எதிர்த்து நிற்கிறது. படகு விடப்படாமைக்கும் மருந்து இல்லாமைக்கும் இயற்கையைப் பொறுப்பாக்க முடியாது. தொழினுட்பம் உலகில் இருந்தும் ஒரு மக்கட் பிரிவினர்க்குக் கிட்டாதபோது அவர்கள் மந்திரத்தை நாடுவது, பூர்வீக சமுதாயத்தினர் நாடியதனின்றும் வேறுபட்ட ஒரு சமூக நிகழ்வாகும்.

இவ்விடத்து நயினாதீவு நாகபூஷணி அம்மன் கோவிலில் உள்ள கல்வெட்டை நினைவுகூர்தல் பொருந்தும். பன்னிரண்டாம் நூற்றாண்டில் முதலாம் பராக்கிரமபாகு தமிழிலே பொறிப்பித்த ஆணை அது. ஊராத்துறைக்கு, அஃதாவது இன்றைய ஊர்காவற்றுறைக்கு, வரும் வெளிநாட்டு வணிகர்க்குப் பாதுகாப்பு அளிக்கவேண்டும் என்று கூறுமிடத்து, உடைந்துபோகும் மரக்கலங்களைப் பற்றியும் அது விதிக்கின்றது. யானை, குதிரை ஏற்றிவந்த கலம் உடைந்தால் காற்பங்கு அரசனுக்கு, முக்காற்பங்கு உடையவனுக்கு. ஏனைய பண்டம் ஏற்றிய கலமாயின் செம்பாதி. தியாகோரஸ் கேட்ட வினாவுக்கு நயினாதீவில் விடை கிடைக்கிறது. பிழைத்தோர் கணக்கைக் கோவில் வைத்திருந்தது. மூழ்கியதன் கணக்கைத் திறைசேரி வைத்திருந்தது. அதிகாரத்துக்கு அக்கணக்கு வேண்டியிருந்தது. ஆகவே அது கல்லிலே எழுதப்பட்டது.

ஈழத்தில் ஐயநோக்கு என்றதும் நினைவுக்கு வருபவர் கலாநிதி ஆபிரகாம் கோவூர் (1898–1978). கேரளத்துத் திருவல்லாவிலே கிறித்தவ குருவொருவரின் மகனாகப் பிறந்து, யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில் ஆசிரியராகப் பணியாற்றி, பின்னர் கொழும்பு தேர்ஸ்டன் கல்லூரியிலிருந்து 1959இல் ஓய்வுபெற்றவர். 1960 முதல் இலங்கைப் பகுத்தறிவாளர் சங்கத்தின் தலைவராக இருந்தார். 1963இல், மோசடிக்கு இடமில்லாத நிலையில் ஓர் அற்புதத்தைச் செய்துகாட்டுவோர்க்கு ஓர் இலட்சம் ரூபா தருவதாக அறைகூவினார். முத்திரையிட்ட உறையிலுள்ள நாணயத்தாளின் இலக்கத்தைப் படித்தல், கொப்புளமின்றித் தணலில் நிற்றல் போன்ற இருபதுக்கும் மேற்பட்ட செயல்கள் அறைகூவலில் அடங்கியிருந்தன. அவர் இறக்கும்வரை எவரும் அப்பரிசை வெல்லவில்லை. தமது கண்களையும் உடலையும் மருத்துவத்துக்கு ஈந்துவிட்டே அவர் மறைந்தார்.

கோவூரின் துணிவை மதிக்கும் நாம், அவரது நோக்கின் எல்லையையும் சுட்டவேண்டும். அதீத ஆற்றல் உடையோம் என்போர் ஏமாற்றுவோராகவோ மனப்பிறழ்வுடையோராகவோ இருத்தல்வேண்டும் என்ற இருவகைப் பாகுபாடு அவர் எழுத்துக்களிற் பரவிக்கிடக்கின்றது. நகரத்துச் சாமியார்களை நோக்கி எழுதப்பட்டதாயின் அது பெரும்பாலும் பொருந்தும். நாம் மேலே கண்ட விஷகடி வைத்தியர் இவ்விரண்டில் எதிலும் அடங்கார். கூலி வாங்கினால் மந்திரம் பலிக்காது என்ற நம்பிக்கை ஊர்களில் வழங்குகிறது. அத்தகையவரிடம் ஓர் இலட்சம் ரூபாவை நீட்டுவது வேறொரு மொழியிற் பேசுவதற்கு ஒப்பாகும்.

இதற்கு மாறாக, கோவூர் தனித்தனிக் குடும்பங்களுக்குள்ளே சென்று ஆராய்ந்த நிகழ்ச்சிகளில் அவரது உண்மையான பங்களிப்பு உள்ளது. கல் எறியும் பேய், பொருட்களை உடைக்கும் பேய் என்று அழைக்கப்பட்ட இடங்களில், எறிபவர் வீட்டிலுள்ள ஒருவரே என்பதையும், அவரைத் தூண்டியது சொல்லமுடியாத மனத்துயர் என்பதையும் அவர் பலமுறை வெளிக்கொணர்ந்தார். பேயை ஓட்டியபின் அவர் அத்துயருக்கு வழிதேடினார். 1971இல் ஐ. எம். லூயிஸ் என்ற மானிடவியலாளர், ஆவி பிடித்தல் என்பது பல சமூகங்களில் அடக்கப்பட்டோருக்கு, சிறப்பாகப் பெண்களுக்கு, கிடைக்கும் மறைமுகமான எதிர்ப்புக் குரல் என்று வாதிட்டார். கோவூரின் குறிப்புகளை லூயிஸின் நூலோடு சேர்த்துப் படிப்போர், அவர் தாமறியாமலே ஒரு சமூகவியலாளராகவும் இயங்கினார் என்பதைக் காண்பர். தனக்கென ஒரு சொல்லும் இல்லாத மருமகள், அம்மனாகவோ பேயாகவோ ஆடும்போது மட்டும் வீடு முழுவதும் அவள் சொல்லைக் கேட்கிறது.

ஐயநோக்கு யார் கையில் இருக்கிறது என்பதும் கவனத்திற்குரியது. 2011 ஆகஸ்டிலே 'கிறீஸ் பூதம்' பற்றிய அச்சம் நாட்டின் பல பகுதிகளிற் பரவியது. தீவகத்துக்குச் செல்லும் வழிக்கு அண்மையிலுள்ள நாவாந்துறையில், இரவில் நடமாடிய மர்ம மனிதரைத் துரத்திய மக்களுக்கும் படையினருக்கும் இடையே மோதல் ஏற்பட்டு, நூறுக்கு மேற்பட்டோர் கைதாயினர். வதந்தி என்று அதிகாரிகள் ஒதுக்கினர். அம்மக்கள் பூதத்தை நம்பியதாக நாம் கருதவில்லை. எண்ணெய் பூசிய மனிதரையே அவர்கள் தேடினர். ஆனால் 'பூதம்' என்ற பெயர் நிலைத்துவிட்டபின், அவர்களது முறைப்பாடு முழுவதும் மூடநம்பிக்கையாகக் காட்டப்படுவது எளிதாயிற்று.

இனி, எல்லாவற்றினும் கடினமான இடத்துக்கு வருவோம். 1985 மே 15இல், நெடுந்தீவிலிருந்து புறப்பட்ட குமுதினிப் படகில் இருபதுக்கும் மேற்பட்டோர் நடுக்கடலில் வெட்டிக் கொல்லப்பட்டனர். 1990 ஆகஸ்டில் இராணுவ நடவடிக்கையின்போது மண்டைதீவு, அல்லைப்பிட்டி, மண்கும்பான் ஆகிய ஊர்களில் பிடித்துச் செல்லப்பட்ட இளைஞர் பலர் திரும்பவில்லை. முன்னவர்க்கு ஈமக்கடன் செய்ய முடிந்தது. பின்னவர்க்கு அதுவும் இல்லை. இத்தகையோரின் தாய்மார் சாத்திரம் கேட்கவும் கட்டுக் கேட்கவும் உருவாடுவோரிடம் வாக்குக் கேட்கவும் சென்றனர். மட்டக்களப்பில் 1990களில் ஆய்வு செய்த பற்றீசியா லோறன்ஸ், காணாமற்போனோர் பற்றிய வினாக்கள் அம்மன் வாக்குச் சொல்வோரிடம் குவிந்ததை விரிவாகப் பதிவு செய்துள்ளார். இவ்வழக்கங்கள் தாங்கமுடியாத துயரைத் தாங்க உதவியதை யாழ்ப்பாணத்து உளமருத்துவர் தயா சோமசுந்தரமும் எழுதியுள்ளார்.

வாக்கு எவ்வாறு பொருந்துகிறது என்பதை உளவியல் விளக்கும். 1948இல் பேர்ட்ரம் போரர் என்ற உளவியலாளர் தம் மாணவர் 39 பேருக்கும் ஒரே குணவருணனையைக் கொடுத்து, அது ஒவ்வொருவருக்கும் தனித்தனியே எழுதப்பட்டது என்று கூறினார். ஐந்துக்குச் சராசரி நான்குக்கு மேற்பட்ட புள்ளிகளை அம்மாணவர் அவ்வருணனைக்கு வழங்கினர். 'தெற்கே இருக்கிறான்; அருகில் நீர் இருக்கிறது; வர மனமிருந்தும் வரமுடியாதிருக்கிறான்' என்ற வாக்கு எந்தத் தாய்க்கும் பொருந்தும்; தீவிற் பிறந்த தாய்க்கு எத்திசையிலும் நீர்தான். ஐயவாதி இதனை விளக்கலாம். விளக்கியபின் அவரிடம் அத்தாய் கேட்கக்கூடிய கேள்வி ஒன்றே: அப்படியாயின் என் பிள்ளை எங்கே?

பாம்புக்கடியில் எதிர்மறைச் சான்று இருந்தும் கணக்கில் எடுக்கப்படவில்லை. இங்கோ சான்றே மறைக்கப்பட்டுள்ளது. யார் யாரைப் பிடித்தார், எங்கே கொண்டுசென்றார் என்பவை அறிந்தோர் உளர். அவ்விபரங்கள் வெளிவராதவரை, மகன் உயிருடனிருக்கிறான் என்ற நம்பிக்கையைத் தேராது தெளிதல் என்று வகைப்படுத்த நமக்கு உரிமையில்லை. தேர்வதற்கான வழிகளை எல்லாம் அவர்கள் தட்டிப் பார்த்தவர்கள். ஆணைக்குழுக்களின் முன் சாட்சியமளித்தார்கள். 2016ஆம் ஆண்டின் சட்டத்தின்கீழ் அமைந்த காணாமற்போனோர் அலுவலகத்தின் முன்னும் படிவங்கள் வைக்கப்பட்டன. 2017 பெப்ரவரியில் தொடங்கிய வீதியோரப் போராட்டங்களில் முதிய தாய்மார் பலர் பிள்ளையின் செய்தி அறியாமலே இறந்துபோயினர். கோவிலுக்கும் அலுவலகத்துக்கும் மாறிமாறி நடந்த அவர்களிடத்து, நம்பிக்கையும் ஐயமும் ஒரே வழிநடையின் இரு தரிப்பிடங்களாகவே இருந்தன. சமயத்தை அபினியோடு ஒப்பிட்ட மார்க்ஸ், அதே பந்தியில் அதனை ஒடுக்கப்பட்ட உயிரின் துயரவெளிப்பாடாகவும் கண்டார் என்பதை நம்மவர் பலர் மறந்துவிடுகின்றனர்.

விஞ்ஞானம் இத்தாய்மாருக்குச் செய்யக்கூடிய பணி அகழ்வுக் குழியிலே தொடங்குகிறது. 2025இல் யாழ்ப்பாணத்துக்கு அண்மையில், செம்மணி சித்துப்பாத்தி மயானத்தில் நீதிமன்ற மேற்பார்வையில் நிகழ்ந்த அகழ்வுகளில் இருநூறுக்கு மேற்பட்ட எலும்புக்கூட்டு எச்சங்கள் அடையாளங் காணப்பட்டன. சிறுவரின் எச்சங்களும் அவற்றுள் இருந்தன. உடன் கிடைத்த துணிகளும் பொருட்களும் ஆகஸ்ட் 5ஆம் திகதி பொதுமக்கள் அடையாளம் காண்பதற்காக வைக்கப்பட்டன. அங்கு வைக்கப்பட்டவை ஒரு சட்டை, ஒரு பாடசாலைப் பை, ஒரு விளையாட்டுப் பொம்மை போன்றவையே. மரபணுச் சோதனைக்கு உறவினரின் மாதிரிகள் வேண்டும். அவற்றைத் தரக்கூடிய பெற்றோரின் வயது ஆண்டுதோறும் ஏறிக்கொண்டிருக்கிறது.